சாப்பாட்டுக்குப் போகும் வரிசை

எங்கள் வீட்டில் கிறிஸ்துமஸ் விருந்துக்கு மணி அடித்தால் பசியைப் பற்றி யாரும் நினைக்க மாட்டார்கள். யார் முன்னால் போவது, யார் பின்னால் போவது என்பதுதான் கவலை. வரவேற்பறையிலிருந்து உணவறைக்குக் கூப்பிடு தூரம்கூடக் கிடையாது. அதை நடந்து கடப்பதற்கு ஒரு சாஸ்திரமே உண்டு. வீட்டுத் தலைவர் தன் கையைக் கொடுத்து, இருக்கிற பெண்களில் அந்தஸ்தில் உயர்ந்தவளை முதலில் அழைத்துப் போவார். மற்றவர்கள் ஜோடி ஜோடியாக, அந்தஸ்து குறையக் குறையப் பின்னால் போக வேண்டும். எங்கள் வீட்டில் கடைசி ஜோடி எந்த வருஷமும் மாறியதில்லை. என் சித்தி ஹாரியட்டும் அவள் மகன் கிறிஸ்பினும். இத்தனைக்கும் அந்த வீட்டுக்கு எஜமானி அவள்தான். அன்றைக்கு வாத்தை வறுக்கச் சொன்னவள் அவள், மேஜைக்குப் பூ வைத்தவள் அவள். வரிசையில் மட்டும் கடைசி.

என் அப்பா சர் ஆம்ப்ரோஸ் ஹாக்ஸ்பி. லிங்கன்ஷையரில் எங்கள் நிலத்தைத் தாண்டினால் அந்தப் பெயரைக் கேட்டு யாரும் தொப்பியைத் தூக்க மாட்டார்கள். 'சர்' பட்டம் ஒன்றும் வானத்திலிருந்து விழவில்லை. எந்தக் காலத்திலோ ஒரு ராஜாவுக்குப் பணமுடை வந்தபோது எங்கள் முன்னோர் ஒருவர் விலை கொடுத்து வாங்கியது. வாங்கிய நாளிலிருந்து அது தகப்பனிடமிருந்து மகனுக்குப் போகிறது. அதுவும் முறைப்படி நடந்த கல்யாணத்தில் பிறந்த மகனுக்கு மட்டும். வீட்டையும் நிலத்தையும் பட்டத்தோடு சேர்த்துக் கட்டிப் போட்டிருக்கிறார்கள். அவிழ்த்து வேறு யாருக்கும் கொடுக்க அப்பாவுக்கே அதிகாரம் கிடையாது. நான் முதல் மனைவிக்குப் பிறந்தவள், முறைப்படி பிறந்தவள். ஆனால் பெண். ஆகவே என்னால் யாருக்கும் ஒரு பிரயோஜனமும் இல்லை.

எனக்கு நான்கு வயதானபோது அம்மா போய்விட்டாள். என்னைப் பார்த்துக்கொள்ள அம்மாவின் தங்கை ஹாரியட் வந்தாள். வந்தவள் எனக்குத் தலை வாரிவிட்டாள், அப்பாவுக்குச் சிரிப்பைத் திருப்பிக் கொடுத்தாள். இரண்டு பேருக்கும் பிடித்துப்போயிற்று. இதில் என்ன தப்பு என்று நீங்கள் கேட்பீர்கள். எங்கள் நாட்டுச் சட்டத்தைக் கேளுங்கள். மனைவி செத்துப்போனாலும் அவள் தங்கை உனக்கும் தங்கைதான், அவளைக் கட்டிக்கொண்டால் அது கல்யாணமே இல்லை என்றது சட்டம். மாதா கோவிலும் அதையேதான் சொன்னது.

அப்பா அந்தக் காலத்தில் அவரைப் போன்றவர்கள் பலர் செய்த முட்டாள்தனத்தைச் செய்தார். ரயிலேறி, கப்பலேறி சுவிட்சர்லாந்துக்குப் போனார். அங்கே ஒரு ஊர் மண்டபத்தில், இவர்கள் பெயரைச் சரியாக உச்சரிக்கத் தெரியாத ஒரு அதிகாரி முன்னால் சித்திக்கு மோதிரம் போட்டுவிட்டு வந்தார். அங்கே செல்லுகிற கல்யாணம் இங்கேயும் செல்லும் என்று யாரோ புத்திசாலி சொல்லியிருக்கிறான். நாசமாய்ப் போக அவன். கிறிஸ்பின் பிறந்ததும் அப்பா குதித்துக்கொண்டு நிலவறைக்குப் போய், வாரிசு பிறந்தால் போட்டு வைக்கிற வழக்கப்படி ஒரு பீப்பாய் போர்ட் ஒயினைப் போட்டு வைத்தார். அதற்குப் பிறகுதான் வக்கீலைக் கேட்டார். கடல் தாண்டிப் போய்க் கட்டினாலும் இங்கிலாந்துக்காரனுக்கு இங்கிலாந்துச் சட்டம்தான் என்று வக்கீல் சொன்னார். கல்யாணமே இல்லையென்றால் பையனும் வாரிசு இல்லை. பட்டமும் வீடும் அப்பாவின் தம்பி லயனல் சித்தப்பாவுக்குத்தான் போகும்.

அன்றிலிருந்து அக்கம்பக்கத்துப் பெரிய வீடுகள் எதிலிருந்தும் எங்களுக்கு அழைப்பு வரவில்லை. எங்கள் பாதிரியார் சித்தியைக் கடைசிவரை 'மிஸ் வேரிங்' என்று அவள் பிறந்த வீட்டுப் பெயரைச் சொல்லியே கூப்பிட்டார். வருஷத்துக்கு ஒருமுறை, கிறிஸ்துமஸுக்கு, லயனல் சித்தப்பாவும் அவர் மனைவி எடித் சின்னம்மாவும் வருவார்கள். அதற்குச் சின்னம்மா போட்ட நிபந்தனைதான் இந்த வரிசை.

"நான் வர்றதுல ஒண்ணும் ஆட்சேபணை இல்லை ஆம்ப்ரோஸ். ஆனா கல்யாணமாகாத ஒரு பொம்பளைக்குப் பின்னாடி நான் எப்படி நடக்கறது? நாலு பேர் என்ன சொல்லுவாங்க?"

அந்த நாலு பேர் எங்கள் வீட்டுப் பக்கம் தலைவைத்தும் படுக்க மாட்டார்கள் என்பது வேறு விஷயம். சின்னம்மாவும் வராமல் போனால் ஊரோடு இருந்த கடைசி ஒட்டும் அறுந்துவிடும் என்று அப்பா பயந்தார். சித்திதான் அவர் தோளைத் தட்டி, "விடுங்க, எங்கே நடந்தா என்ன? எல்லாருக்கும் ஒரே சூப்தானே" என்றாள். ஆகவே அப்பா சின்னம்மாவுக்குக் கை கொடுத்து முன்னால் போனார். அடுத்தது நானும் சித்தப்பாவும். சித்தப்பா வருகிறாரே என்று வந்து தலைகாட்டும் ஒன்றிரண்டு தூரத்து உறவுகள் அதற்கு அடுத்தது. கடைசியில் சித்தியும் கிறிஸ்பினும். எனக்கு வயிறு எரியும். திரும்பிப் பார்த்தால் அவள் "முன்னாடி பாத்து நட" என்று கண்ணாலேயே அதட்டுவாள்.

கிறிஸ்பினுக்கு ஆறு வயதிருக்கும். ஒரு கிறிஸ்துமஸில் வரிசை நகரும்போது அவன் கணீரென்ற குரலில் சொன்னான்:

"அம்மா, இங்கேருந்து பாத்தா எல்லாரோட முதுகும் தெரியுதும்மா! எடித் சின்னம்மாவுக்கு ஒரு கொக்கி மாட்டாம இருக்கு!"

சின்னம்மா கையைப் பின்னால் கொண்டுபோய்த் தடவினாள். சித்தி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்த சிரிப்பில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அது சிரிப்புத் தண்ணீர்தான் என்று அன்றைக்கு நான் நம்பினேன்.

அப்பாவுக்கு ஒரே ஒரு நம்பிக்கை இருந்தது. அந்தச் சட்டத்தை மாற்ற ஏறக்குறைய வருஷா வருஷம் பாராளுமன்றத்தில் மசோதா வரும். கீழ்ச்சபையில் தேறும். மேலே பிரபுக்கள் சபைக்குப் போனதும் அங்கே ஓட்டு உள்ள பிஷப்புகள் அத்தனை பேரும் வெள்ளைச் சட்டைக் கையை உதறிக்கொண்டு வந்து கழுத்தை நெரித்துவிடுவார்கள். வசந்தம் வந்தால் எங்கள் வீட்டில் குயிலை யாரும் கவனிப்பதில்லை. காலைச் சாப்பாட்டு மேஜையில் அப்பா செய்தித்தாளை விரித்துக்கொண்டு, "இந்தத் தடவை தேறிடும் பாரு" என்பார். அவர் முட்டை ஆறிப் போய்க் கிடக்கும். தேறாது. "அடுத்த வருஷம்" என்பார்.

இந்த 'அடுத்த வருஷம்' கிறிஸ்பினைத் தின்றுவிட்டது. அதைச் சொல்லாமல் என்னால் இந்தக் கதையைச் சொல்ல முடியாது. அவனுக்கு நிலம் என்றால் உயிர். எந்த வாய்க்காலில் எப்போது தண்ணீர் தேங்கும், எந்த ஆட்டுக்குக் கால் புண் என்று கேட்டால் தூக்கத்திலும் சொல்வான். கனடாவில் ஒரு சிநேகிதன் பண்ணை வைத்திருந்தான், பங்காளியாக வா என்று கூப்பிட்டான். அப்பா விடவில்லை. "சட்டம் வந்தா நீ இங்கே இருக்க வேண்டாமாடா? வாரிசு ஊரை விட்டு ஓடினான்னு ஆகிடும்." ஒரு நல்ல பெண்ணும் இருந்தாள், கால்நடை வைத்தியரின் மகள். உன் நிலை என்ன என்று அவள் வீட்டில் கேட்டார்கள். அவன் என்ன சொல்வான்? காத்திருந்து பார்த்துவிட்டு அவள் வேறொருவனைக் கட்டிக்கொண்டு போய்விட்டாள்.

"நீ கிளம்பிப் போய்த் தொலையேண்டா" என்று ஒருமுறை நான் கத்தினேன். "இவர் இப்படியே சொல்லிக்கிட்டிருப்பார். உனக்கு மண்டை நரைச்சுடும்."

"போயிட்டா அவர் உடைஞ்சுடுவார் ஹெஸ்டர்."

"நீ உடைஞ்சா பரவாயில்லையா?"

"நான் வாய்க்கால் வெட்டறவன். அவ்வளவு சீக்கிரம் உடைய மாட்டேன்" என்று சிரித்துவிட்டுப் போய்விட்டான்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஏழாம் வருஷம், கோடையின் கடைசியில், சட்டம் வந்தது. எதிர்பார்க்காத எங்களுக்கெல்லாம் மூச்சே நின்றுவிட்டது. இதயக் கோளாறு என்று வைத்தியர் படுக்கையில் போட்டு வைத்திருந்த அப்பா, செருப்புகூடப் போடாமல் மாடிப்படியில் இறங்கி வந்தார். "ஹாரியட்! ஹாரியட்!" என்று வீடே அதிர்ந்தது. மனைவி இறந்தபின் அவள் தங்கையைக் கட்டிக்கொண்ட கல்யாணம் செல்லும். முன்னால் நடந்தவையும் செல்லும். சித்தி சமையலறையிலிருந்து மாவுக் கையோடு ஓடி வந்தாள். அப்பா அந்த மாவுக் கையைப் பிடித்து முத்தமிட்டார். அவர் மீசையெல்லாம் மாவாயிற்று. நானும் அழுதேன், ஒத்துக்கொள்கிறேன்.

உடனே ஒரு விருந்து. லயனல் சித்தப்பா, சின்னம்மா, அவர்கள் மகன் ரூபர்ட், வக்கீல் டன்ஸ்டன் எல்லோருக்கும் ஆள் போயிற்று. எல்லோரும் வந்தார்கள். மணி அடித்தது. பழக்கதோஷத்தில் சின்னம்மா கதவுப் பக்கம் ஒரு அடி எடுத்து வைத்தாள். அப்பா அவளைத் தாண்டிக்கொண்டு, சுவரோரம் கடைசியில் நின்ற சித்தியிடம் போய்க் கையை நீட்டினார்.

"வா லேடி ஹாக்ஸ்பி. சூப் ஆறிடும்."

சித்தி சின்னம்மாவைப் பார்த்தாள். "எடித் போகட்டுமே" என்றாள் மெதுவாக. "எடித் பின்னாடி வருவா" என்றார் அப்பா. அவ்வளவு நாள் அடக்கி வைத்த திமிர் அத்தனையும் அந்த மூன்று வார்த்தையில் இருந்தது. கிறிஸ்பின் பிறந்தபோது போட்ட பீப்பாயைத் திறந்தார்கள். அது புளிக்கவில்லை. அதையும் சொல்ல வேண்டும், அருமையாக இருந்தது. அப்பா கோப்பையைத் தூக்கி, "நாளைய சர் கிறிஸ்பினுக்கு!" என்றார். எல்லோரும் குடித்தார்கள். லயனல் சித்தப்பா கோப்பையை உதட்டில் வைத்துவிட்டுக் கீழே வைத்தார். வக்கீல் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விருந்து முடிந்தபோது வெளிச்சம் இன்னும் இருந்தது. வக்கீல் டன்ஸ்டன் என்னையும் கிறிஸ்பினையும் தோட்டத்துப் பக்கம் அழைத்துக்கொண்டு போனார். நல்ல மனிதர். அன்றைக்கு அவர் முகம் பல்வலிக்காரன் முகம் மாதிரி இருந்தது.

"கிறிஸ்பின் தம்பி, உங்க அப்பா முன்னாடி சொல்ல எனக்கு வாய் வரலை. கல்யாணம் செல்லும். உங்கம்மா இனிமே சட்டப்படி லேடி ஹாக்ஸ்பி. அதை யாரும் அசைக்க முடியாது."

"அப்புறம் என்ன?" என்றேன் நான்.

"அதே சட்டத்துல இன்னொரு வரி இருக்கும்மா. இந்தச் சட்டம் வர்றதுக்கு முன்னாடியே ஒரு பட்டமோ சொத்தோ தனக்கு வரணும்னு யாருக்காவது உரிமை இருந்தா, அந்த உரிமையை இது தொடாது."

"சித்தப்பாவுக்கு அப்படி உரிமை இருக்கா?"

"இருக்கு. அவருக்கு அப்புறம் அவர் மகனுக்கும் இருக்கு."

எனக்கு ஒரு நிமிஷம் ஒன்றும் ஓடவில்லை. பிறகு எல்லாம் ஒன்றாக ஓடியது. "அப்போ எதுக்குய்யா இந்தச் சட்டம்? யாரைச் சமாதானப்படுத்த? கண்துடைப்பா?" என்று நான் கத்தினேன். பாவம், அந்த மனிதர் என்ன செய்வார்? பிரபுக்கள் தங்கள் தங்கள் தம்பிகளையும் மருமகன்களையும் நினைத்துக்கொண்டு எழுதிய வரி அது. கிறிஸ்பின் புல்லைக் காலால் ஒதுக்கினான். கடைசியில், "சித்தப்பாவுக்குத் தெரியுமா?" என்று கேட்டான்.

"தெரியும். லண்டன்ல அவரோட வக்கீலைக் கேட்டிருக்கார்."

"அப்பாவுக்குத் தெரிய வேண்டாம். அம்மாவுக்கும் வேண்டாம்" என்றான் கிறிஸ்பின்.

"பொய்யிலயே எத்தனை நாள்டா இந்த வீட்டை ஓட்டறது?"

"அவர் எத்தனை நாள் இருக்கப் போறார் ஹெஸ்டர்? நீயே சொல்லு."

உள்ளே அப்பா பாடிக்கொண்டிருந்தார். சுருதியும் கிடையாது ஒன்றும் கிடையாது.

அதற்குப் பிறகு வந்த வாரங்களைப் போல நான் எதையும் வெறுத்ததில்லை. அப்பா படுக்கையிலிருந்தே கிறிஸ்பினுக்கு எஜமான் வேலை கற்றுக்கொடுத்தார். ஓடை ஓரத்து எல்ம் மரங்களை வெட்டாதே. கிழக்குப் பண்ணைக் கூரையை உன் காலத்திலாவது மாற்று. கிறிஸ்பின், "ஆகட்டும்பா, ஆகட்டும்பா" என்று தலையாட்டினான். சித்தி ஞாயிற்றுக்கிழமை புதுத் தொப்பியோடு கோவிலுக்குப் போனாள். பாதிரியார் வாசலில் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, "வாங்க மிஸ் வேரிங்" என்றார். அவள் திரும்பி வந்து சிரித்தாள். "அந்தாள் கிடக்கான். என் பிள்ளைக்கு விடிஞ்சுடுச்சு. எனக்கு அது போதும்" என்றாள். நான் எழுந்து வேறு அறைக்குப் போய்விட்டேன்.

நவம்பரில் அப்பாவுக்கு மூச்சு முட்ட ஆரம்பித்தது. தம்பியை வரச் சொன்னார். லயனல் சித்தப்பா கட்டிலருகே உட்கார்ந்தார். எங்கள் எல்லோரையும் வைத்துக்கொண்டே அப்பா சொன்னார்:

"லயனல், உனக்கு வருத்தமா இருக்கும். உனக்கு வரவேண்டியதுன்னு இத்தனை வருஷம் நினைச்சிருப்பே. ஆனா நீ நல்லவன். எனக்கு ஒண்ணு செய். நான் போனதும் என் பையனை முதல்ல 'சர் கிறிஸ்பின்'னு நீதான் கூப்பிடணும். உன் வாயால வந்துட்டா ஊர் வாயெல்லாம் தானா வரும்."

சித்தப்பா கெட்டவர் என்றால் எனக்கு எவ்வளவோ சுலபமாக இருந்திருக்கும். அவர் கெட்டவர் இல்லை. காது மடல் சிவக்க, என்னைப் பார்த்தார், கிறிஸ்பினைப் பார்த்தார். கிறிஸ்பின் லேசாகத் தலையசைத்தான்.

"சரிண்ணா" என்றார் சித்தப்பா.

"கை அடிச்சுக் கொடு."

கொடுத்தார். அப்பா நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொண்டார். சித்தி குனிந்து, "தேங்க்ஸ் லயனல். கடவுள் உனக்கு நல்லது பண்ணுவார்" என்று அவர் தோளைத் தொட்டாள். சித்தப்பா எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார்.

மறுநாள் காலை அப்பாவின் உயிர் பிரிந்தது. பெரிதாக ஒன்றுமில்லை, ஒரு மூச்சு வந்தது, அடுத்தது வரவில்லை. நாங்கள் கீழே கூடத்துக்கு வந்தோம். வேலைக்காரர்கள் அத்தனை பேரும் படியடியில் வரிசையாக நின்றார்கள். பட்டம் ஒரு நிமிஷம்கூடச் சும்மா இருக்காது, ஒருவன் மூச்சு நின்றால் அடுத்தவன் தலையில் உட்கார்ந்துவிடும். யாரை எப்படிக் கூப்பிடுவது என்று தெரியாமல் அவர்கள் முகத்தை முகத்தைப் பார்த்தார்கள். சித்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு லயனல் சித்தப்பாவைப் பார்த்தாள். அவர் வாய் திறக்கக் காத்திருந்தாள். சித்தப்பா வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை.

கிறிஸ்பின்தான் முன்னால் போனான்.

"சர் லயனல்," என்றான், எல்லோருக்கும் கேட்கும்படி. "வைத்தியருக்கு வண்டி அனுப்பட்டுமா? உங்க உத்தரவு வேணும்."

சித்தி அவன் கையைப் பிடித்தாள்.

"என்னடா சொன்னே? துக்கத்துல உளறாதே. மறுபடி சொல்லு."

"சர் லயனல்னு சொன்னேம்மா."

"சட்டம் வந்துடுச்சேடா. அப்பா படிச்சாரே. நான் கேட்டேனே."

"உனக்கு வந்துடுச்சும்மா. எனக்கு வரலை."

அவள் அவனைப் பார்த்தாள், பிறகு என்னை. எத்தனை நாளாக எங்களுக்குத் தெரியும் என்று என் முகத்திலேயே படித்துவிட்டாள். திட்டியிருந்தால், அறைந்திருந்தால் தேவலை. "அவருக்குத் தெரியாதில்ல?" என்று மட்டும் கேட்டாள். தெரியாது என்றேன். "அது போதும்" என்றாள். போதவில்லை என்பது அவள் படியேறிய விதத்தில் தெரிந்தது. கைப்பிடிச் சுவரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு ஏறினாள்.

அடக்கம் முடிந்த அன்று சாயங்காலம் விருந்து மணி அடித்தது. சாவு வீடானாலும் மணி அடிக்கும், வரிசை நிற்கும். வீட்டுத் தலைவர் இப்போது சர் லயனல். எடித் சின்னம்மாவும் லேடி ஹாக்ஸ்பி ஆகிவிட்டாள். ஆனால் சாஸ்திரம் என்ன சொல்கிறது தெரியுமா? முந்தைய தலைவரின் விதவை இருக்கும்போது, இப்போதைய தலைவரின் மனைவி அவளுக்குப் பின்னால்தான் நடக்க வேண்டும். சட்டம் சித்தியை உண்மையான விதவை ஆக்கிவிட்டதே. சின்னம்மா சாஸ்திரத்தை ஒரு நாளும் மீறியவள் இல்லை. கறுப்புப் பட்டுச் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு விலகி நின்றாள்.

"நீங்க முன்னாடி போங்கக்கா. அதுதான் முறை."

சித்தப்பா கையை நீட்டினார். சித்தி வரவேற்பறை முழுவதும் கண்ணை ஓட்டி மகனைத் தேடினாள். அடுத்த வாரிசு ரூபர்ட் இரண்டாவது ஜோடியில் நின்றான், அவனுக்குப் பதினைந்து வயது, கழுத்துப்பட்டையைத் தடவிக்கொண்டிருந்தான். அவனுக்குப் பின்னால் யார் யாரோ. எல்லோருக்கும் பின்னால், சுவரோரம், சித்தி அத்தனை வருஷம் நின்ற அதே இடத்தில், கிறிஸ்பின் தனியாக நின்றான். போ என்று அவளுக்குக் கண் காட்டினான். அவள் சித்தப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, தன்னுடையதாக இல்லாமல் போன வீட்டில், முதல் ஆளாக நடந்தாள்.

என் இடம் எனக்குத் தெரியும். போகட்டும் என்று அதை விட்டுவிட்டு நான் கடைசிக்குப் போய் அவன் கையைக் கோத்துக்கொண்டேன். "உன் இடம் முன்னாடி" என்றான். "சும்மா நட" என்றேன். வரிசை நகர்ந்தது. அவன் கழுத்தை நீட்டி முன்னால் பார்த்துக்கொண்டே வந்தான். சின்ன வயதில் கொக்கியைப் பார்த்துச் சொன்னானே, அது எனக்கு ஞாபகம் வந்தது. அவனுக்கும் வந்திருக்க வேண்டும்.

"ஹெஸ்டர்," என்றான் மெதுவாக, "இந்த வரிசையில அம்மா எப்பவும் என் பக்கத்துலயே நின்னாங்களா, அவங்க முதுகை மட்டும் நான் பார்த்ததே இல்லை. எப்போ இவ்வளவு கூன் விழுந்துச்சு?"